'இரு' இருக்கும் இடம்

குசினியில் பன்னிரண்டு நாள்.
சீமெந்துத் தரை, பிறிட்ஜின் இரைச்சல்,
என் கையில் பாதி விசுக்கோத்து.
"இரு" என்பேன்.
கச்சான் இருக்கும்.
வால் மட்டும் இருக்காது,
அது தரையைக் கூட்டிக்கொண்டிருக்கும்.

பதின்மூன்றாம் நாள் பெருமையோடு
கேற்றுக்கு வெளியே கூட்டிப்போனேன்.
எதிர்வீட்டு மிஸ்ரியா மதிலுக்கு மேலால் எட்டிப்பார்க்க
"இரு" என்றேன்.
யாரோ ஒருவரின் பெயர் சொல்லிக் கூப்பிட்டதுபோல
கச்சான் பின்னால் திரும்பிப் பார்த்தது.
"ஒங்கட நாய்க்குக் காது கேக்காதா?"

பிறகுதான் விளங்கியது.
அதற்கு 'இரு' ஒரு சொல்லல்ல.
அந்தத் தரையின் குளிர், அந்த இரைச்சல்,
என் ஹவுஸ்கோட்டில் வெளிறிய பூ,
கறிவேப்பிலை வெடிக்கிற நேரம்,
எல்லாம் சேர்ந்த ஒன்று.
அதில் எதைக் கழற்றினாலும்
மிச்சமும் கையோடு வந்துவிடும்.

ஆகவே முதலிலிருந்து.
முற்றத்தில் இரு.
மாமரத்தடியில் இரு, முசுறு கடித்தாலும்.
கிண்ணியா பஸ் காதடைக்க ஹோர்ன் அடிக்கையில் இரு.

மீன்சந்தையில் என் இரண்டு கையிலும் பை.
"இரு" என்றேன். நின்றது.
"இரு" என்றேன். ஒரு செதிலை நக்கியது.
சூடைமீன் பையைக் கீழே வைத்து
மணிக்கட்டை மெல்லத் தாழ்த்தினேன்,
உடனே இருந்தது.
இத்தனை நாளும் என் வாயை அது கேட்கவேயில்லை.
கையைத்தான் வாசித்திருக்கிறது.

கோட்டை வாசலில் தோற்றோம்.
லொத்தர்ச் சீட்டொன்றை மென்றபடி
ஒரு கொம்பு மான்
எங்களை ஏற இறங்கப் பார்த்தது.
சங்கிலி என் விரல்களைச் சிவக்க இழுத்தது.
"இரு! இரு!" என்று கத்தினேன்.
இருந்தது, இளநீர் விற்கிற பெடியன் மட்டும்.

புதன்கிழமை காணிக் கந்தோர்.
இரவு வகுப்பில் எண்பத்திரண்டு புள்ளி எடுத்தவள் நான்.
அங்கே அந்தப் பாஷை
ஆடுகிற வாங்கு, கரும்பலகை,
தயாவதி மிஸ் போடும் இஞ்சித் தேத்தண்ணி.
இங்கே மேசைக்கு அப்பாலிருந்து ஒருவர்
"வாடிவென்ன" என்றார்,
நல்ல குரலில்தான்.
நான் நின்றேன்.
வாடி என்றால் எனக்கு
கருவாடு காயும் ஓலைக் கொட்டில்.
வாடி என்றால்
அண்ணன் கோபத்தில் கூப்பிடுவது.
அவர் கையைத் தாழ்த்திக் கதிரையைக் காட்டினார்.
இருந்தேன்.
விசுக்கோத்துத்தான் இல்லை.
கோவையைக் காணவில்லை,
அடுத்த மாதம் வாருங்கள் என்றார்.
அது மட்டும் எந்த இடத்தில் சொன்னாலும் விளங்கும்.

பின்னேரம் டச்பே.
பட்டம், பந்து, சோளம் சுடுகிற புகை.
கையைப் பின்னால் கட்டிக்கொண்டு
"இரு" என்றேன், மெதுவாக,
சொன்னது யாருக்கென்று சரியாகத் தெரியாமல்.
கச்சான் இருந்தது.
ஈரமணலில், பந்து மூக்கருகே உருண்டுபோக,
ஒரு காகம் வாலைக் கொத்திச் சோதிக்க,
இருந்தது.

கோதுமைக் கப்பலொன்று
உள்ளே வரச் சொல்வார்களென்று
தூரத்தில் நின்றது.
அதைப் பார்த்துக்கொண்டே நின்றுவிட்டேன்.
திரும்பினால்
அலை கச்சானின் வயிறுவரை ஏறியிருக்கிறது.
நடுங்குகிறது. எழும்பவில்லை.
என் கையையே பார்க்கிறது.

பதினொரு இடத்தில் 'இரு' சொல்லிக்கொடுத்தேன்.
'காணும், எழும்பு' என்று
ஓரிடத்திலும் சொல்லிக்கொடுக்கவில்லை.

கந்தோருக்கு உடுத்த சேலையோடு
தண்ணீருக்குள் இறங்கித் தூக்கினேன்.
பதினாறு கிலோ.
ஈரம் வேறு.